வீட்டுக் கடன்: விலை ஒன்று, கொடுப்பது ஒன்று



'வீட்டைக் கட்டிப் பார், கல்யாணம் பண்ணிப் பார்' என்று நம் முன்னோர்கள் சொல்லி வைத்தார்கள். இரண்டும் எளிதான காரியமல்ல என்பதே அதன் பொருள். கல்யாணக் கடனை ஐந்தாறு ஆண்டுகளில் எப்படியாவது அடைத்து விடுகிறோம். வீட்டுக் கடனோ 25, 30 ஆண்டுகள் நம்மோடு கூடவே வருகிறது. கையெழுத்துப் போடும்போது மடியில் இருந்த குழந்தை, கடைசித் தவணை கட்டும்போது தானே ஒரு குடும்பத்துக்குத் தலைவனாகி இருக்கும். இவ்வளவு நீண்ட கடனைப் பற்றி நாம் வங்கியில் எத்தனை கேள்வி கேட்கிறோம்? பெரும்பாலும் ஒரே கேள்விதான்: 'மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்?' அந்தக் கேள்வி மட்டும் ஏன் போதாது என்பதைத்தான் இன்றைய உரையில் பார்க்கப் போகிறோம். வீட்டில் பள்ளிக்கூடம் போகும் பிள்ளைகள் இருந்தால், ஒரு தாளும் பென்சிலும் எடுத்துக்கொண்டு பக்கத்தில் உட்காரச் சொல்லுங்கள். கணக்கு கொஞ்சம் வரும். கடினமான கணக்கு அல்ல.

தோட்டத்தில் பிறந்து வளர்ந்த நமக்கு, வீடு என்பது வேலையோடு சேர்ந்து வந்த ஒன்று. பால்மரம் வெட்டினோம், செம்பனைக் குலை அறுத்தோம். லயத்தில் ஒரு வீடு கிடைத்தது. வேலை உள்ளவரை அந்த வீடு. ஓய்வு பெறும் நாளில், 'வீட்டை எப்போது காலி செய்கிறீர்கள்?' என்ற கேள்வி வந்துவிடும். 1950களிலும் 60களிலும் தோட்டங்கள் துண்டாடப்பட்டபோதும், பின்னாளில் பட்டணத்தை ஒட்டிய தோட்டங்கள் வீடமைப்புப் பகுதிகளாக மாறியபோதும், வேலையையும் வீட்டையும் ஒரே நாளில் இழந்த குடும்பங்கள் எத்தனையோ. ஆகவே, 'எலி வளையானாலும் தனி வளை வேண்டும்' என்று நாம் நினைப்பதில் தவறே இல்லை. வீடு வாங்க வேண்டாம் என்று சொல்ல நாம் இங்கு வரவில்லை. வாங்குகிறவர் முழு விலையைத் தெரிந்துகொண்டு வாங்க வேண்டும் என்பதே நம் ஆசை.

1982ஆம் ஆண்டில் அரசாங்கம் மலிவு விலை வீட்டுக்கு 25,000 வெள்ளி என்று உச்ச விலை வைத்தது. 1998இல் அது இடத்திற்கேற்ப 25,000 முதல் 42,000 வெள்ளி வரை என மாற்றப்பட்டது. அத்தகைய வீடு எல்லாருக்கும் கிடைத்து விடுவதில்லை. தாமானில் சற்றுக் கூடுதல் விலையில் ஒரு வீடு பார்க்கிறோம் என்று வைத்துக்கொள்வோம். கணக்கு எளிதாக இருக்கட்டும் என்பதற்காக, விலை 112,000 வெள்ளி. கையிலிருந்து 12,000 வெள்ளி முன்பணம். வங்கிக் கடன் 100,000 வெள்ளி. வட்டி ஆண்டுக்கு 4 விழுக்காடு. தவணைக் காலம் 30 ஆண்டுகள். வாங்குகிறவருக்கு வயது 35. கணவன், மனைவி இருவரும் வேலை செய்கிறார்கள்.

மாதத் தவணை ஏறக்குறைய 477 வெள்ளி. 'இருவர் சம்பளத்தில் இது முடியாதா?' என்று தோன்றும். முடியலாம். ஆனால் 477 வெள்ளியை 360 மாதங்களால் பெருக்கிப் பாருங்கள். காசுகளையும் சேர்த்தால் 171,870 வெள்ளி வருகிறது. வாங்கிய கடன் ஒரு இலட்சம். அதற்கு மேல் கட்டிய வட்டி மட்டும் 71,870 வெள்ளி. முன்பணத்தையும் சேர்த்தால், 112,000 வெள்ளி வீட்டுக்கு நம் கையை விட்டுப் போவது 183,870 வெள்ளி.

71,870 வெள்ளி என்றால் எவ்வளவு உழைப்பு? 2025இல் நடப்புக்கு வந்த குறைந்தபட்சச் சம்பளமான 1,700 வெள்ளியைக் கொண்டு கணக்கிட்டால், ஒருவர் மூன்றரை ஆண்டுகள் உழைத்து வாங்கும் முழுச் சம்பளம் அது. அரிசி வாங்காமல், பிள்ளைக்குப் புத்தகம் வாங்காமல், அத்தனையையும் வட்டிக்கே கொடுத்ததற்குச் சமம்.

'நாலு விழுக்காடு குறைந்த வட்டிதானே, இவ்வளவு எப்படி வந்தது?' என்று கேட்பீர்கள். காரணம் காலம்தான். வட்டி என்பது பணத்துக்கு நாம் கொடுக்கும் வாடகை. எவ்வளவு காலம் பணம் நம்மிடம் இருக்கிறதோ அவ்வளவு காலம் வாடகை உண்டு. ஒரு இலட்சம் வெள்ளிக்கு 4 விழுக்காடு என்றால் ஆண்டுக்கு 4,000 வெள்ளி. ஒரு நாளைக்கு ஏறக்குறைய 11 வெள்ளி. மழை பெய்து வேலை நின்ற நாளிலும், தீபாவளி அன்றும், நாம் படுத்து உறங்கும் இரவிலும் அந்தப் 11 வெள்ளி ஏறிக்கொண்டே இருக்கிறது.

முதல் மாதத் தவணையைப் பிரித்துப் பார்ப்போம். கட்டுவது 477 வெள்ளி. அந்த மாத வட்டி மட்டும் 333 வெள்ளி. மீதி 144 வெள்ளிதான் நாம் வாங்கிய முதலில் கழிகிறது. பந்தியில் வட்டிதான் முதலில் உட்காருகிறது. அது சாப்பிட்டு எழுந்த பிறகு மிச்சம் இருப்பதே முதலுக்கு. முதல் குறையக் குறைய அதன் மேல் ஏறும் வட்டியும் குறையும். ஆகவே பிற்காலத் தவணைகளில் முதலுக்குக் கூடுதலாகப் போகும். ஆனால் அந்த மாற்றம் மிக மெதுவாக நடக்கிறது.

பத்தாண்டுகள் ஒரு மாதம் தவறாமல் கட்டிய குடும்பம் ஒன்றை எண்ணிப் பாருங்கள். கட்டிய தொகை ஏறக்குறைய 57,290 வெள்ளி. 'பாதிக் கடனுக்கு மேல் அடைத்து விட்டோம்' என்று அவர்கள் நினைத்திருப்பார்கள். வங்கியிலிருந்து வரும் கணக்குத் தாளைப் பார்த்தால், மீதிக் கடன் 78,784 வெள்ளி என்று இருக்கும். பத்தாண்டில் முதலில் கழிந்தது 21,216 வெள்ளிதான். யாரும் அவர்களை ஏமாற்றவில்லை; கணக்கே அப்படித்தான் நடக்கிறது. முதலில் சரிபாதி கழிவதற்குப் 19 ஆண்டுகள் தாண்டி விடும். இது முன்பே தெரிந்திருந்தால் மனம் உடையாது. தெரியாதபோதுதான், 'இத்தனை கட்டியும் கடன் குறையவில்லையே' என்ற சலிப்பு வந்து, சிலர் தவணையையே விட்டு விடுகிறார்கள்.

இனி, தவணைக் காலத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். வீடு விற்க வருகிற தம்பி நல்லவராகவே இருக்கலாம். '477 வெள்ளி கஷ்டமா இருக்கா அண்ணே? 35 வருஷம் போட்டுக்குவோம், 443 வெள்ளிதான் வரும்' என்பார். மாதம் 34 வெள்ளி குறைகிறது. நமக்கும் மனம் குளிர்கிறது. ஆனால் 35 ஆண்டுகளில் கட்டும் மொத்தம் 185,965 வெள்ளி. அந்த 34 வெள்ளி ஆறுதலுக்காக நாம் கூடுதலாகக் கொடுப்பது 14,000 வெள்ளிக்கு மேல். மறுபக்கம், 20 ஆண்டுகளில் அடைக்க முடிந்தால் மாதத் தவணை 606 வெள்ளி. மொத்தம் 145,435 வெள்ளி. மாதம் 129 வெள்ளி கூடுதலாகக் கட்டினால் 26,000 வெள்ளிக்கு மேல் மிச்சம். ஒரே வீடு, ஒரே வட்டி விகிதம். காலம் ஒன்றுதான் மாறியது. 2013ஆம் ஆண்டு ஜூலையில் நம் மத்திய வங்கியான பேங்க் நெகாரா, வீட்டுக் கடனின் நீண்ட காலம் 35 ஆண்டுகளுக்கு மேல் போகக் கூடாது என்று வரம்பு வைத்ததையும் இங்கு நினைவில் கொள்ளலாம்.

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். நாம் 4 விழுக்காடு என்று சொன்னோமே, அது 30 ஆண்டுகளும் அப்படியே நிற்குமா? பெரும்பாலான வீட்டுக் கடன்களில் நிற்காது. நாட்டின் அடிப்படை வட்டி ஏறினால் நம் வட்டியும் ஏறும், இறங்கினால் இறங்கும். 1998ஆம் ஆண்டு பொருளாதார நெருக்கடியின்போது வங்கிகளின் அடிப்படைக் கடன் வட்டி 12 விழுக்காட்டைத் தாண்டியது. 2020இல் பேங்க் நெகாரா தன் கொள்கை வட்டியை 1.75 விழுக்காட்டுக்கு இறக்கியது. 2022 மே மாதம் தொடங்கி 2023 மே மாதத்திற்குள் அது படிப்படியாக 3 விழுக்காட்டுக்கு ஏறியது. 2025 ஜூலையில் 2.75 ஆனது. ஆகவே ஏற்றமும் உண்டு, இறக்கமும் உண்டு. நம் உதாரணத்தில் வட்டி 4க்குப் பதில் 5 விழுக்காடு என்றால், தவணை 537 வெள்ளி. 30 ஆண்டு மொத்தம் 193,256 வெள்ளி. அந்த ஒரே விழுக்காட்டில் 21,000 வெள்ளிக்கு மேல் கூடி விட்டது. எனவே தவணையைக் கட்ட முடியுமா என்று யோசிக்கும்போது, இன்றைய தொகையோடு இன்னும் 60, 70 வெள்ளி கூட்டி வைத்துப் பாருங்கள். அதையும் தாங்க முடிந்தால் துணிந்து இறங்கலாம். ஆழம் தெரியாமல் காலை விடக் கூடாது.

2020 ஏப்ரல் முதல் ஆறு மாதங்களுக்குத் தவணை கட்டத் தேவையில்லை என்று வங்கிகள் அவகாசம் தந்தது நினைவிருக்கும். நோய்த்தொற்றுக் காலத்தில் அது பெரிய உதவிதான். ஆனால் தவணை நின்றதே தவிர, வட்டி நிற்கவில்லை. அவகாசம் வேறு, தள்ளுபடி வேறு. இனி எப்போது இப்படி ஓர் அவகாசம் வந்தாலும், தேவைப்பட்டவர் எடுத்துக்கொள்ளட்டும். கட்ட முடிந்தவர் கட்டிக்கொண்டே போவது நல்லது.

வட்டியைத் தவிர வேறு செலவுகளும் உண்டு. வீட்டை நம் பெயருக்கு மாற்ற முத்திரை வரி: விலையில் முதல் ஒரு இலட்சத்துக்கு 1 விழுக்காடு, அதற்கு மேல் ஐந்து இலட்சம் வரை 2 விழுக்காடு. கடன் பத்திரத்துக்கு அரை விழுக்காடு. முதல் வீடு வாங்குபவருக்குச் சலுகை உண்டா என்பதை வழக்கறிஞரிடம் மறக்காமல் கேளுங்கள். கேட்காததால் இழக்க வேண்டாம். வழக்கறிஞர் கட்டணம் தனி. வீடு கைக்கு வந்த பிறகு நில வரி, மதிப்பீட்டு வரி, தீக் காப்புறுதி. அடுக்குமாடி வீடென்றால் மாதாமாதம் பராமரிப்புக் கட்டணம். லயத்தில் கூரை ஒழுகினால் நிர்வாகத்திடம் சொன்னோம். இங்கே கூரையும் நமது, ஒழுகலும் நமது.

கடன் வாங்கியவர் இறந்து விட்டால் மீதிக் கடனைக் கட்டும் காப்புறுதி ஒன்றும் உண்டு. குடும்பத்துக்கு அது நல்ல பாதுகாப்பு. ஆனால் அதன் தொகையைக் கடனோடு சேர்த்து விட்டால் அதற்கும் வட்டி ஏறும். 4,000 வெள்ளியை 30 ஆண்டுக் கடனில் சேர்த்தால், கட்டி முடிக்கும்போது 6,800 வெள்ளிக்கு மேல் ஆகி விடும். கையில் பணம் இருந்தால் தனியாகவே கட்டி விடுங்கள். எத்தனை ஆண்டுகளுக்குக் காப்பு, இருவர் பெயரில் கடன் என்றால் இருவருக்கும் காப்பு உண்டா என்பதையும் கேட்டு எழுதி வாங்குங்கள்.

இப்போது மிக முக்கியமான கட்டத்துக்கு வருகிறோம். 35 வயதில் வாங்கிய 30 ஆண்டுக் கடன் 65 வயதில் முடிகிறது. வேலை ஓய்வு 60 வயதில். அந்த 60ஆம் வயதில் மீதிக் கடன் எவ்வளவு இருக்கும்? ஏறக்குறைய 25,900 வெள்ளி. சம்பளம் நின்ற பிறகும் ஐந்தாண்டுகள் மாதம் 477 வெள்ளி கட்ட வேண்டும். அப்போது என்ன செய்வது? இரண்டு கதவுகளைத்தான் தட்டுகிறோம். ஒன்று சேமநிதிப் பணம், மற்றொன்று பிள்ளைகள்.

சேமநிதியிலிருந்து வீட்டுக்காகப் பணம் எடுக்கச் சட்டம் இடம் தருகிறது. ஆனால் அந்தப் பணம் சும்மா கிடக்கவில்லை என்பதை மறக்கக் கூடாது. 2020 முதல் 2024 வரை ஊழியர் சேமநிதியின் வழக்கமான கணக்குக்கு அறிவிக்கப்பட்ட இலாப ஈவு எந்த ஆண்டிலும் 5.2 விழுக்காட்டுக்குக் குறையவில்லை, 2024இல் 6.3 விழுக்காடு. நான்கு விழுக்காட்டுக் கடனை அடைக்க, அதைவிடக் கூடுதலாகச் சம்பாதிக்கும் பணத்தை எடுப்பது கணக்குப்படி நட்டம். முன்பணத்துக்கு வேறு வழியில்லை என்றால் எடுக்கத்தான் வேண்டும். ஆலோங்கிடம் கை நீட்டுவதை விட அது ஆயிரம் மடங்கு மேல். ஆனால், 'இருக்கிறதே, எடுத்து விடுவோம்' என்று எடுக்க வேண்டாம். அது நம் முதுமையின் சோறு.

பிள்ளைகளைப் பற்றியும் மனம் விட்டுப் பேச வேண்டும். தந்தைக்கு வயது கூடி விட்டால் நீண்ட காலக் கடன் கிடைப்பதில்லை. மகனையோ மகளையோ கூட்டுக் கடனாளியாகச் சேர்க்கச் சொல்வார்கள். 22 வயதுப் பிள்ளை, 'அப்பா சொன்னார்' என்று கையெழுத்துப் போடுகிறது. நாளை அந்தப் பிள்ளை தனக்கென ஒரு வீடு வாங்கப் போகும்போது, இந்தக் கடனும் அதன் கணக்கில் நிற்கும். கடனில் பெயர் இருக்கிறது, பட்டாவில் பெயர் இருக்கிறதா என்பது வேறு கேள்வி. தவணை கட்டியது மூத்தவன், வீடு தம்பி பெயரில் என்று வந்தால் உடன்பிறப்புகளுக்குள் பகை மூளுகிறது. வீடு வாங்கும் முன்பே குடும்பமாக உட்கார்ந்து, யார் கட்டுவது, யார் பெயரில் பட்டா, யாருக்கு எவ்வளவு உரிமை என்று பேசி எழுதிக்கொள்ளுங்கள். பேசக் கூச்சமாக இருக்கலாம். பிற்பாடு நீதிமன்றத்தில் பேசுவதை விட இது எளிது.

சரி, அந்தக் கடைசி ஐந்தாண்டுகளுக்கு வேறு வழியே இல்லையா? இருக்கிறது, நேயர்களே. அதே கடன், அதே 4 விழுக்காடு. முதல் மாதத்திலிருந்தே தவணையோடு 50 வெள்ளி கூட்டிக் கட்டி வந்தால் என்ன ஆகும்? கடன் 30 ஆண்டுகளில் அல்ல, 25 ஆண்டுகளில் முடிந்து விடுகிறது! 35 வயதில் வாங்கியவர் 60 வயதில், ஓய்வு பெறும் போதே, கடனில்லாத வீட்டுக்குள் நுழைகிறார். வட்டியில் மிச்சமாவது 13,400 வெள்ளிக்கு மேல். 50 வெள்ளி என்பது நாளொன்றுக்கு ஒரு வெள்ளி எழுபது காசுக்கும் குறைவு.

அது எப்படி? அந்த 50 வெள்ளியில் வட்டிக்குப் பங்கில்லை. முழுவதும் முதலில் கழிகிறது. முதல் குறைந்த அன்றே அதன் மேல் ஏற வேண்டிய வட்டியும் நின்று விடுகிறது. அதனால்தான் தொடக்க ஆண்டுகளில் கட்டும் ஒரு வெள்ளிக்குக் கடைசி ஆண்டுகளில் கட்டும் வெள்ளியை விட வலிமை அதிகம். ஆனால் ஓர் எச்சரிக்கை. கூடுதலாகக் கட்டும் பணத்தைச் சில வங்கிகள் அடுத்த மாதத் தவணைக்கான முன்பணமாக எடுத்து வைத்து விடும். அப்படியானால் வட்டி குறையாது. 'இது முதலைக் குறைக்க' என்று வங்கியில் சொல்லி, எழுத்தில் உறுதி பெற்றுக்கொள்ளுங்கள். முதல் சில ஆண்டுகளுக்குள் கடனை முழுதாக அடைத்தால் தண்டம் கேட்கும் ஒப்பந்தங்களும் உண்டு. அந்த விதியையும் முன்பே படித்து விடுங்கள்.

தவணை கட்ட முடியாத நிலை வந்தால் ஒளிந்து கொள்ளக் கூடாது. கடிதத்தைப் பிரிக்காமல் பெட்டிக்குள் வைத்தால் கடன் போய் விடாது. தொடர்ந்து தவணை நின்றால் வீடு லேலோங்குக்குப் போகும். ஏலத்தில் விற்ற பணம் கடனுக்குப் போதவில்லை என்றால், வீடும் போய், மீதிக் கடனும் நம் தலையில் நிற்கும். முதல் மாதம் தவறும்போதே வங்கிக்குப் போய் நிலைமையைச் சொல்லுங்கள். 2006ஆம் ஆண்டில் பேங்க் நெகாரா அமைத்த ஏ.கே.பி.கே. என்னும் கடன் ஆலோசனை நிறுவனம் இலவசமாகவே வழி சொல்கிறது. அங்கே போவது மானக்கேடு அல்ல; காய்ச்சலுக்கு மருத்துவமனைக்குப் போவது போலத்தான்.

இறுதியாக, கையெழுத்துக்கு முன் கேட்க வேண்டிய கேள்விகளை வரிசையாகச் சொல்லி விடுகிறோம், எழுதிக் கொள்ளுங்கள். கடைசித் தவணை வரை நான் கட்டும் மொத்தத் தொகை எவ்வளவு? வட்டி ஒரு விழுக்காடு ஏறினால் தவணை எவ்வளவு? கடன் முடியும்போது எனக்கு வயது என்ன? கூடுதலாகக் கட்டினால் முதலில் கழியுமா? முன்கூட்டியே அடைத்தால் தண்டம் உண்டா? இஸ்லாமிய முறை நிதியளிப்பில் வட்டி என்ற சொல் இருக்காது, இலாபம் என்பார்கள். அங்கும் கேள்விகள் இவையேதான். வங்கிகள் கடனின் விவரங்களை எழுதிய தகவல் தாள் ஒன்றைத் தருகின்றன. மொழி புரியவில்லை என்றால் அதை வீட்டுக்கு எடுத்து வாருங்கள். தோட்டத்தில் படித்த பிள்ளை ஒன்று நிச்சயம் இருக்கும். வாசித்துச் சொல்லச் சொல்லுங்கள். அன்றே கையெழுத்துப் போட்டால்தான் வீடு கிடைக்கும் என்று யாராவது அவசரப்படுத்தினால், அங்கேதான் நாம் சற்று நிதானிக்க வேண்டும்.

சொந்த வீட்டின் வாசலில் கோலம் போடும் நாள் நம் எல்லாருக்கும் வர வேண்டும். அந்த வாசலை ஓய்வு பெற்ற வயதில் எந்த வங்கியும் தட்டக் கூடாது. அதற்கான வேலையை முதல் தவணையிலிருந்தே தொடங்குவோம்.